போலந்தில் யூத வாழ்க்கை உண்மையிலேயே திரும்பி வந்துவிட்டதா?

கேள்வி இது: "போலந்து யூதர்களில் பெரும்பாலானவர்களை நாஜிகள் கொன்றுவிட்டார்கள், மிஞ்சியவர்களும் கம்யூனிஸ்ட் ஆட்சிக் காலத்தில் நாட்டைவிட்டுப் போய்விட்டார்கள் என்று படித்திருக்கிறேன். ஆனால் இப்போது வார்சாவில் யூதப் பள்ளி, கிராக்கோவில் யூத சமூக மையம், விழாக்கள் என்று செய்திகள் வருகின்றன. இந்த யூதர்கள் எங்கிருந்து வந்தார்கள்? இதெல்லாம் சுற்றுலாப் பயணிகளுக்காக நடத்தப்படும் காட்சியா?"

அவர்களில் பெரும்பாலானோர் எங்கிருந்தும் வரவில்லை. அங்கேயேதான் இருந்தார்கள். தாங்கள் யூதர் என்பதே பலருக்குத் தெரியாது. தெரிந்த சிலரும் வெளியே சொல்லவில்லை. கம்யூனிஸ்ட் ஆட்சி முடிந்த 1989க்குப் பிறகு போலந்தில் நடந்ததைப் புரிந்துகொள்ள இந்த ஒரு விஷயத்தைப் பிடித்துக்கொண்டால் போதும். அறுந்துபோன ஒரு மரபை, பாட்டி தாத்தாவிடமிருந்து எதையும் கற்றுக்கொள்ள வாய்ப்பில்லாதவர்கள், முப்பது நாற்பது வயதில் முதலிலிருந்து கற்றுக்கொண்டு கட்டியெழுப்பிய கதை அது. சுற்றுலாவும் அதில் ஒரு பகுதி உண்டு, அதைப் பிறகு சொல்கிறேன்.

முதலில் பின்னணி. இரண்டாம் உலகப் போருக்கு முன் போலந்தில் சுமார் 33 லட்சம் யூதர்கள் இருந்தார்கள். மக்கள்தொகையில் ஏறக்குறைய பத்தில் ஒருவர். வார்சாவில் மூன்றில் ஒருவருக்குச் சற்றுக் குறைவு. அங்கே யூதர்கள் பேசிய இட்டிஷ் மொழியில் நாளிதழ்கள் இருந்தன, நாடகக் கம்பெனிகள் இருந்தன, பண்ட் என்ற யூத சோஷலிசக் கட்சி இருந்தது, ஹசிதியம் என்ற யூத பக்தி மரபின் குருக்களுடைய மடங்கள் இருந்தன. மத நம்பிக்கையே இல்லாத யூத வழக்கறிஞர்களும் மருத்துவர்களும் ஏராளம். இந்த 33 லட்சத்தில் சுமார் 30 லட்சம் பேர் கொல்லப்பட்டார்கள். உயிர் பிழைத்தவர்களில் பெரும்பாலானோர் போரின்போது சோவியத் நாட்டுக்குள் போய்ச் சேர்ந்தவர்கள்.

அவர்கள் ஊர் திரும்பியபோது வீடுகளில் வேறு குடும்பங்கள் குடியிருந்தன. 1946 ஜூலை 4 அன்று கியெல்ட்சே நகரில், ஒரு சிறுவனை யூதர்கள் கடத்தி வைத்திருந்தார்கள் என்ற பொய் வதந்தியை நம்பிய கும்பல் நாற்பதுக்கும் மேற்பட்ட யூதர்களைக் கொன்றது. போர் முடிந்து ஓராண்டுக்கு மேல் ஆன பிறகு நடந்தது இது. அதன்பின் சில மாதங்களிலேயே பல்லாயிரம் பேர் மூட்டை கட்டினார்கள். 1956-57இல் இன்னோர் அலை வெளியேறியது. ஆனாலும் முதுகெலும்பை முறித்தது 1968தான் என்பது என் கருத்து. முந்தைய ஆண்டு இஸ்ரேலுக்கும் அரபு நாடுகளுக்கும் நடந்த ஆறு நாள் போருக்குப் பிறகு, கட்சித் தலைவர் கொமுல்கா 'ஐந்தாம் படை', அதாவது உள்ளிருந்தே எதிரிக்கு உதவுகிறவர்கள், என்று யூதர்களைச் சாடினார். 1968 மார்ச்சில் மாணவர் போராட்டம் வெடித்ததும் அதற்கும் 'சியோனிஸ்டுகள்' (யூத நாட்டை ஆதரிப்பவர்கள்) மேல் பழி போட்டார்கள். பேராசிரியர்கள், பத்திரிகையாளர்கள், ராணுவ அதிகாரிகள், மருத்துவர்கள் என வரிசையாக வேலை பறிபோனது. நாட்டைவிட்டுப் போக அனுமதி உண்டு, ஆனால் குடியுரிமையைத் துறக்க வேண்டும். பாஸ்போர்ட்டுக்குப் பதில் ஒரு பயண ஆவணம் தருவார்கள்; அதை வைத்திருப்பவர் போலந்துக் குடிமகன் அல்ல என்று அதிலேயே எழுதியிருக்கும். எந்த நாட்டுக் குடிமகன் என்று எழுதியிருக்காது. சுமார் 13,000 பேர் அப்படிப் போனார்கள், பலர் வார்சாவின் க்தான்ஸ்கி ரயில் நிலையத்திலிருந்து. உலகப் புகழ்பெற்ற இட்டிஷ் நடிகை இடா கமின்ஸ்கா அவர்களில் ஒருவர். இன்று வார்சாவில் உள்ள யூத நாடக அரங்கு அவர் பெயரையும் அவர் தாயார் பெயரையும் தாங்கி நிற்கிறது.

போகாமல் தங்கிவிட்டவர்கள் இன்னும் ஆழமாக ஒளிந்துகொண்டார்கள். ஒளிதல் என்றால் நிலவறையில் இருப்பது போன்றதல்ல. போர்க்காலத்தில் உயிர் தப்ப வாங்கிய பொய் ஞானஸ்நானச் சான்றிதழில் இருந்த பெயரே நிரந்தரப் பெயராகிவிட்டது. கத்தோலிக்கரைத் திருமணம் செய்துகொண்டார்கள். பிள்ளைகளுக்கு முதல் நற்கருணை விழா நடந்தது. அப்பா பக்கம் ஏன் ஒரு சித்தப்பா, அத்தை கூட இல்லை என்று பிள்ளை கேட்டால், "போரில் போய்விட்டார்கள்" என்று பதில் வரும். போலந்தில் எல்லா வீட்டிலும் யாரோ ஒருவர் போரில் இறந்திருந்ததால் அந்தப் பதிலில் யாருக்கும் சந்தேகம் எழவில்லை.

இப்படி ஒளிந்திருந்த வாழ்க்கைகளில் நன்கு அறியப்பட்ட ஒன்று ரோமுவால்ட் வாஷ்கினெல் என்ற கத்தோலிக்கப் பாதிரியாருடையது. 1943இல் வில்னியுஸ் அருகே பிறந்தவர். குருப்பட்டம் பெற்று லூப்ளின் கத்தோலிக்கப் பல்கலைக்கழகத்தில் தத்துவம் கற்பித்தார். 1978இல், அவருக்கு 35 வயதானபோது, வளர்த்த தாய் உண்மையைச் சொன்னார்: நீ நான் பெற்ற பிள்ளை இல்லை, உன் யூதத் தாய், நாஜிகள் யூதர்களை அடைத்து வைத்திருந்த கெட்டோவிலிருந்து உன்னை எங்களிடம் ஒப்படைத்தாள். பெற்றோரின் குடும்பப் பெயர்கூட அப்போது தெரியவில்லை. 1992இல்தான் வெக்ஸ்லர் என்ற பெயர் தெரியவந்தது. இஸ்ரேலில் தன் தந்தையின் சகோதரரையும் கண்டார். பிறகு தந்தையின் பெயரைத் தன் பெயரோடு சேர்த்துக்கொண்டார். பாதிரியாராக இருந்தபடியே தன்னை யூதர் என்று அறிவித்த அவர், 2009இல் இஸ்ரேல் போனார். எந்தச் சட்டகத்துக்குள்ளும் அடங்காத வாழ்க்கை. போலந்து யூதர்களில் பலருடைய கதை இதன் சிறிய வடிவம்தான்: சாகும் தறுவாயில் பாட்டி சொன்ன ஒரு வாக்கியம், அலமாரியில் கிடைத்த ஒரு பழைய கடிதம்.

1989இல் கம்யூனிஸ்ட் ஆட்சி முடிந்த மறுநாளே எல்லாம் தொடங்கியது என்று நினைத்துவிட வேண்டாம். 1970களின் இறுதியில் வார்சாவின் அடுக்குமாடி வீடுகளில் ஒரு சிறு கூட்டம் ரகசியமாகக் கூடியது. 'பறக்கும் பல்கலைக்கழகம்' என்று எதிர்ப்பாளர்கள் நடத்திய தலைமறைவு வகுப்புகளின் பாணியில் இவர்கள் யூதப் பறக்கும் பல்கலைக்கழகம் நடத்தினார்கள். கான்ஸ்தாந்தி கெபர்ட் என்ற பத்திரிகையாளர், ஸ்தனிஸ்வாவ் கிராயெவ்ஸ்கி என்ற கணித அறிஞர் போன்றவர்கள் அதில் இருந்தார்கள். வகுப்பு என்றாலும் ஆசிரியர் என்று யாரும் இல்லை. ஆளுக்கொரு புத்தகத்தைப் படித்துவிட்டு வந்து மற்றவர்களுக்குச் சொல்வார்கள். கிராயெவ்ஸ்கியின் மனைவி மோனிகா, சிற்றூர்களில் புதர் மண்டிக் கிடந்த யூதக் கல்லறைகளைத் தேடிப் போய்ப் புகைப்படம் எடுத்தார். எந்த வெளிநாட்டு அறக்கட்டளையும் சொல்லிச் செய்ததல்ல. பின்னால் வந்த பள்ளிக்கும் பத்திரிகைக்கும் விதை இதுதான். 1997இல் கெபர்ட் 'மித்ராஷ்' என்ற யூத மாத இதழைத் தொடங்கினார்.

1989க்குப் பிறகு வெளியிலிருந்து பணமும் ஆளும் வந்தது. அமெரிக்கத் தொழிலதிபர் ரொனால்ட் லாடரின் அறக்கட்டளை வார்சாவில் மழலையர் பள்ளி தொடங்க உதவியது, 1994இல் அது பள்ளியாக வளர்ந்தது. அதே அறக்கட்டளையின் பணிக்காக 1990இல் நியூயார்க்கிலிருந்து வந்தவர் மைக்கேல் ஷுட்ரிக் என்ற ரபி, அதாவது யூத மதகுரு. 2004இல் போலந்தின் தலைமை ரபி ஆனார். வார்சாவின் நோஷிக் ஜெப ஆலயம் அவர் இருப்பிடம். 1902இல் திறக்கப்பட்ட கட்டடம் அது. போரில் ஜெர்மானியர்கள் குதிரை லாயமாகப் பயன்படுத்தியதால் இடிக்கப்படாமல் தப்பியது. போருக்கு முந்தைய வார்சா ஜெப ஆலயங்களில் இன்றும் வழிபாடு நடப்பது அது ஒன்றில்தான்.

இந்த வேலையில் கடினமான பகுதி கட்டடமோ பணமோ இல்லை. வெள்ளிக்கிழமை மாலை ஒரு யூத வீட்டில் என்ன நடக்கும் என்று யோசித்துப் பாருங்கள். சூரியன் மறையுமுன் தாய் மெழுகுவத்தி ஏற்றிக் கண்களைக் கைகளால் மூடி ஆசி சொல்வாள், தந்தை திராட்சை ரசக் கிண்ணத்தை உயர்த்தி இன்னோர் ஆசி சொல்வார், பின்னல் ரொட்டியைத் துணி போட்டு மூடி வைத்திருப்பார்கள், எல்லாருக்கும் தெரிந்த பாட்டு ஒன்று ஒலிக்கும். குழந்தை இதைப் படித்துத் தெரிந்துகொள்வதில்லை, பார்த்துப் பார்த்தே பழகிவிடுகிறது. போலந்தில் அந்தப் 'பார்த்துப் பழகுதல்' இரண்டு தலைமுறைக்கு அறுந்துவிட்டது. ஆகவே நாற்பது வயதுக்காரர் ஒருவர் கோடை முகாமுக்குப் போய், மெழுகுவத்தியை எப்போது ஏற்றுவது, எந்தச் சொல்லை எப்படி உச்சரிப்பது என்று தாளில் எழுதி வைத்துக் கற்றுக்கொள்கிறார். பல வீடுகளில் முதலில் கற்றது பிள்ளை. பள்ளியில் படித்த ஹனுக்கா என்ற விளக்குத் திருநாள் பாட்டை வீட்டுக்கு வந்து பெற்றோருக்குச் சொல்லிக் கொடுத்தது. மரபு கீழிருந்து மேலே போனது.

அப்புறம், தன் குடும்பம் பற்றிச் சந்தேகம் வந்தவர் எங்கே போவார்? வார்சாவில் 1947 முதல் இயங்கும் யூத வரலாற்று நிறுவனம் இருக்கிறது. போரின்போது வார்சா கெட்டோவில் வரலாற்றாளர் இம்மானுவேல் ரிங்கல்ப்ளூம் குழுவினர் ரகசியமாகத் தொகுத்து, தகரப் பெட்டிகளிலும் பால் கேன்களிலும் போட்டு மண்ணில் புதைத்து வைத்த ஆவணங்கள் அங்கேதான் உள்ளன. அதே கட்டடத்தில் வம்சாவளி தேடித் தரும் பிரிவும் உண்டு. பாட்டியின் பெயரும் ஊர்ப்பெயரும் மட்டும் கையில் வைத்துக்கொண்டு வருகிறவர்களுக்குப் பழைய பிறப்பு, திருமணப் பதிவேடுகளைப் புரட்டி வழி காட்டுகிறார்கள். தேடலின் முடிவில் ஒரு பெயர் கிடைக்கலாம், பதிவேடே எரிந்துபோயிருக்கலாம்.

பெயர் கிடைத்துவிட்டாலும் சிக்கல் தீராது. யார் யூதர்? மரபான யூதச் சட்டப்படி தாய் யூதராக இருக்க வேண்டும், இல்லையென்றால் முறையாக மதம் மாற வேண்டும். ஆனால் கலப்பு மணங்கள் நிறைந்த போலந்தில் பலருக்கு யூதத் தொடர்பு தந்தை வழியாகவோ தாத்தா வழியாகவோதான். 'யூதன்' என்று பள்ளியில் கேலி செய்யப்பட்ட ஒருவர், 1968இல் அப்பா வேலை இழந்ததைக் கண்ணால் பார்த்த ஒருவர், ஜெப ஆலயத்துக்கு வந்தால் "உங்கள் அம்மா யூதர் இல்லையே" என்று கேட்டால் எப்படி இருக்கும்? இஸ்ரேலின் குடியேற்றச் சட்டமோ பாட்டி தாத்தாவில் ஒருவர் யூதராக இருந்தாலே போதும் என்கிறது. இந்த இடைவெளியில்தான் வார்சாவில் 1990களின் இறுதியில் சீர்திருத்த வழி யூதச் சபை ஒன்று உருவானது. 2008இல் கிராக்கோவில் திறந்த யூத சமூக மையமும் தாய் வழியா, தந்தை வழியா என்று பார்க்காமல் யூத வேருள்ள எவரையும் சேர்த்துக்கொள்கிறது. ரபிகளுக்குள் இதில் கடும் கருத்து வேறுபாடு உண்டு. நான் சாய்வது கிராக்கோ பக்கம்தான். அஞ்சி அஞ்சி வந்து கதவைத் தட்டுகிறவரிடம் முதலில் ஆவணம் கேட்டால் அவர் இரண்டாம் முறை வரமாட்டார். மதச் சட்டப்படியான கேள்வி திருமணம், வழிபாடு என்று வரும்போது எழத்தான் செய்யும். அதுவரை அவர் உள்ளே இருக்கட்டும்.

மக்கள்தொகைக் கணக்கெடுப்பிலும் இந்தத் தயக்கமும் அது மெல்ல விலகியதும் தெரிகிறது. 2002இல் தன்னை யூதர் என்று பதிந்தவர்கள் ஆயிரத்துச் சொச்சம். 2011இல் இரண்டு இன அடையாளங்களைக் குறிப்பிடலாம் என்று வைத்தார்கள், எண்ணிக்கை ஏழாயிரத்தைத் தாண்டியது. 2021இல் சுமார் 17,000. இருபது ஆண்டில் இத்தனை குழந்தைகள் பிறந்துவிடவில்லை. 'போலந்துக்காரர்' என்பதோடு சேர்த்து 'யூதர்' என்றும் எழுத இடம் கிடைத்ததும், எழுதும் துணிவு வந்ததும்தான் காரணம். 33 லட்சத்தோடு ஒப்பிட்டு இந்த எண்ணை அற்பம் என்று தள்ளுகிறவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. அதே சமயம் 'மறுமலர்ச்சி' என்று முழங்கும் செய்திகளும் கூடுதலாகத்தான் சொல்கின்றன. ஹங்கேரியில் நிலைமை வேறு. புடாபெஸ்ட் யூதர்களில் கணிசமானோர் போரில் தப்பிப் பிழைத்ததால் அங்கே சமூகம் பெரியது. போலந்தையும் அதையும் ஒரே தட்டில் வைத்துப் பேசக்கூடாது.

சொத்து விஷயம். 1997இல் ஒரு சட்டம் வந்தது: 1939 செப்டம்பர் 1 அன்று யூதச் சபைகளுக்குச் சொந்தமாக இருந்த ஜெப ஆலயம், கல்லறை, பள்ளி போன்றவற்றைத் திருப்பிக் கேட்கலாம். சுமார் 5,500 மனுக்கள் போயின. முதலில் திரும்பக் கிடைத்தவற்றில் ஒன்று ஓஷ்வியென்சிம் ஊரின் சிறிய ஜெப ஆலயம். ஊர்ப்பெயர் அறிமுகமில்லாமல் இருக்கலாம், ஜெர்மானியர்கள் அதை ஆஷ்விட்ஸ் என்று அழைத்தார்கள், நாஜிகளின் கொலை முகாம் இருந்த ஊர். கம்யூனிஸ்ட் காலத்தில் அது தரைவிரிப்புக் கிடங்காக இருந்தது. 1998இல் கட்டடம் கைக்கு வந்தபோது அந்த ஊரில் மிஞ்சியிருந்த யூதர் ஒரே ஒரு முதியவர். 2000இல் அவரும் இறந்தார். அதே ஆண்டு புதுப்பித்துத் திறந்த அந்த ஆலயத்தில் இப்போது வழிபடுகிறவர்கள் வெளியிலிருந்து வரும் பயணிகள்தான். திரும்பப் பெறுவதில் உள்ள சங்கடம் இதில் முழுதாகத் தெரிகிறது. கல்லறைகள் மட்டும் ஆயிரத்துக்கு மேல். பல ஊர்களில் கல்லறைக் கற்களைப் பெயர்த்துச் சாலைக்கும் சுவருக்கும் போட்டிருந்தார்கள். சுவர் கட்டவும் புல் வெட்டவும் சில ஆயிரம் பேர் கொண்ட சமூகம் எங்கே போகும்? திரும்பக் கிடைத்த கட்டடத்தை விற்று மழலையர் பள்ளி நடத்துவதா, இறந்தவர்களின் கல்லறையைக் காப்பதா என்ற விவாதம் ஓயவே இல்லை. தனியார் வீடு, நிலங்களைத் திருப்பித் தர முழுமையான சட்டம் இன்றுவரை இல்லை. அது போலந்துக்கும் இஸ்ரேலுக்கும் இடையே தொடரும் உரசல்.

இப்போது உங்கள் 'காட்சி' கேள்வி. கிராக்கோவின் பழைய யூதக் குடியிருப்பான கசிமியெஷ் பகுதியில் 1988இல் யூதப் பண்பாட்டு விழாவைத் தொடங்கியவர்களில் ஒருவர் யானுஷ் மகூக். அவர் யூதர் இல்லை. பிறகு அங்கே ஹாலிவுட் படப்பிடிப்பு வந்தது, உணவகங்கள் வந்தன. எபிரேய எழுத்துபோல் தோன்றும் பெயர்ப்பலகைகள் வைத்து, கோஷர் அல்லாத, அதாவது யூத உணவு விதிப்படி அமையாத, உணவைப் பரிமாறும் கடைகள் அவை. கையில் நாணயம் வைத்திருக்கும் தாடிக்கார யூதர் பொம்மைகளும் படங்களும் கடைகளில் தொங்கின. வீட்டில் வைத்தால் பணம் சேரும் என்று ஒரு நம்பிக்கை. சனிக்கிழமையன்று அப்படத்தைத் தலைகீழாகத் திருப்பி வைத்தால் காசு கொட்டுமாம். தங்கள் பாட்டனை இப்படிப் பார்க்க நேர்ந்த யூதர்களின் மனநிலையைச் சொல்லத் தேவையில்லை. ஆனால் இதையும் மகூக் போன்றவர்களின் உழைப்பையும் ஒன்றாகக் கலக்கக்கூடாது. லூப்ளினில் 'குரோட்ஸ்கா வாயில்' என்ற அமைப்பை நடத்துகிறவர்கள் யூதர்கள் அல்லர். போருக்கு முன் அந்நகரில் வாழ்ந்த 43,000 யூதர்களுக்கும் ஆளுக்கொரு கோப்பு என அடுக்கி வைத்திருக்கிறார்கள். ஒரு கோப்பில் பெயரும் முகவரியும் இருக்கும், இன்னொன்றில் ஒரு புகைப்படம், பலவற்றில் எதுவுமே இல்லை. தகவல் கிடைத்தால் சேர்ப்பார்கள், கிடைக்காவிட்டாலும் அந்தக் கோப்பு அலமாரியில் இருக்கும். இதைக் காட்சி என்று என்னால் சொல்ல முடியாது. உரிமை கோர யூதர்களே வெளியே வராத காலத்தில் அந்த நினைவைக் காத்தவர்கள் இவர்கள். தயங்கிய பல யூதர்கள் இப்படிப்பட்ட விழாக்களின் கூட்டத்தில் ஒருவராக நின்றுதான் முதல்முறை தங்கள் பாடல்களைக் கேட்டார்கள்.

வார்சா கெட்டோ இருந்த இடத்தில் எழுந்த போலின் அருங்காட்சியகத்தின் நிரந்தரக் கண்காட்சி 2014இல் திறந்தது. ஆயிரம் ஆண்டு யூத வாழ்க்கையைச் சொல்லி, படுகொலையை அதன் ஒரு பகுதியாக மட்டும் வைத்ததுதான் அதன் துணிவு.

எல்லாம் சுமுகம் என்று நினைக்கவேண்டாம். 1941 ஜூலை 10 அன்று யெத்வாப்னே ஊரில் யூதர்களை அவர்களுடைய போலந்து அயலவர்களே களஞ்சியத்தில் அடைத்து எரித்தார்கள் என்பது 2000இல் பொது விவாதமானபோது நாடே கொந்தளித்தது. அடுத்த ஆண்டு அதே நாளில் அதிபர் குவாஷ்னியெவ்ஸ்கி அங்கே மன்னிப்புக் கேட்டார். 2018இல் நாஜிக் குற்றங்களுக்குப் போலந்து தேசத்தைப் பொறுப்பாக்கினால் சிறை என்று சட்டம் கொண்டுவந்து, உலக எதிர்ப்புக்குப் பின் சில மாதங்களில் சிறைத் தண்டனையை நீக்கினார்கள். 2013, 2014 ஆண்டுகளில் கோஷர் முறையில் விலங்கை அறுப்பது சட்டவிரோதமாக இருந்தது. அரசியல் சாசன நீதிமன்றம் தலையிட்ட பிறகே அனுமதி கிடைத்தது. 2023 டிசம்பரில் நாடாளுமன்றத்துக்குள் ஏற்றியிருந்த ஹனுக்கா விளக்கை கிஷெகோஷ் பிரவுன் என்ற உறுப்பினர் தீயணைப்புக் கருவியால் அணைத்தார். அன்று இரவே விளக்கை மறுபடி ஏற்றினார்கள், அவரை அவையிலிருந்து வெளியேற்றினார்கள். ஆனால் அதே மனிதர் 2025 அதிபர் தேர்தல் முதல் சுற்றில் 6 விழுக்காட்டுக்கு மேல் வாக்கு வாங்கி நான்காம் இடம் பிடித்தார். தன் அடையாளத்தை வெளியே சொல்லலாமா என்று இன்றும் யோசிக்கிற ஒரு குடும்பத்துக்கு இந்த எண் சாதாரணமானதல்ல.

இது நிலைக்குமா என்று அடுத்து நீங்கள் கேட்கலாம். இளைஞர்களில் சிலர் இஸ்ரேலுக்கோ மேற்கு ஐரோப்பாவுக்கோ போய்விடுகிறார்கள், யூதரையே திருமணம் செய்ய வேண்டும் என்றால் உள்ளூரில் ஆள் கிடைப்பது கடினம், வெளிநாட்டு நன்கொடை இல்லாமல் பள்ளி ஓடாது. இவை உண்மையான பலவீனங்கள். எனக்கு நம்பிக்கை தருவது 2022இல் நடந்தது. உக்ரைன் போர் தொடங்கியதும் எல்லை தாண்டி அகதிகள் குவிந்தபோது, கிராக்கோ யூத சமூக மையம் தன் கதவைத் திறந்து உணவும் மருந்தும் உடையும் கொடுத்தது. வாங்க வந்தவர்களில் பெரும்பாலானோர் யூதர்கள் இல்லை. 1990களில் வெளியார் தரும் உதவியால் மட்டுமே மூச்சுவிட்ட சமூகம் அது. கொடுக்கும் இடத்துக்கு அது வந்திருப்பதை, ஜெப ஆலயத்துக்கு எத்தனை பேர் வருகிறார்கள் என்ற கணக்கைவிட முக்கியமாக நான் எடுத்துக்கொள்கிறேன்.